செலோடேப் கறைக்கு ஒரு மாச வாடகையா?

ஏப்ரல் வந்துவிட்டால் கோவையில் கல்லூரிகள் இருக்கும் பக்கமெல்லாம் ஒரே காட்சிதான். பீளமேடு, சரவணம்பட்டி, குனியமுத்தூர், எங்கே வேண்டுமானாலும் போய்ப் பாருங்கள். ரூம் காலி செய்கிற பசங்க கையில் பிளேடு, பாத்திரம் தேய்க்கிற கம்பி நார், உடைந்த ஸ்கேல் என்று கிடைத்ததை எடுத்துக்கொண்டு சுவரைச் சுரண்டிக்கொண்டு இருப்பார்கள். மூணு வருஷமாக ஒட்டி வைத்த டைம்டேபிள், தலைவர் போஸ்டர், சாமி படம், கண்ணாடி, எக்ஸ்டென்ஷன் பாக்ஸ் எல்லாம் வந்துவிடும். அதன் பிசின் மட்டும் வராது. மறுநாள் காலையில் சாவி வாங்க ஹவுஸ் ஓனர் வருவார். அவர் பார்க்கப்போவது அந்தப் பிசினை அல்ல, நாம் சுரண்டிய சுரண்டலை.

"என்னுங் தம்பி, செவுத்த இப்படிப் பண்ணி வெச்சிருக்கீங்க? பெயிண்டிங் சார்ஜ் அட்வான்ஸ்ல கழிச்சுக்கறனுங்க."

முடிந்தது கதை. கொங்குத் தமிழில் எவ்வளவு மரியாதையாகக் கேட்டாலும் போகிற காசு போகிற காசுதான்.

என் கருத்தை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். டேப் ஒட்டிய கறை என்பது சுவருக்கு ஏற்பட்ட சேதம் அல்ல. எடுக்கத் தெரிந்தால் எடுத்துவிடலாம். சேதம் வருவது கடைசி ராத்திரி அவசரத்தில். அந்த அவசரத்தை உண்டாக்குவதில் ஓனர்களுக்கும் பங்கு இருக்கிறது, அந்தச் செலவை மட்டும் முழுசாக நம் தலையில் கட்டுகிறார்கள்.

இது ஏதோ இந்தக் காலத்துப் பிரச்சனை. எங்கள் அப்பத்தா வீட்டில் சுவருக்கு யாரும் கவலைப்பட்டதே இல்லை. தை மாசம் காப்புக் கட்டுவதற்கு முன்னாடி சுண்ணாம்பைத் தாளித்து, கொஞ்சம் நீலம் கலந்து, மட்டை வைத்து வெள்ளையடித்து விடுவார்கள். பிள்ளைகள் கிறுக்கியது, எண்ணெய்த் தலை வைத்துச் சாய்ந்தது, காலண்டர் ஆணி, எல்லாம் வருஷத்துக்கு ஒருமுறை மறைந்துவிடும். சுவர் என்பது வருஷா வருஷம் புதுசாகிற பொருள். செலவும் பெரிதாக இல்லை, வீட்டு ஆட்களே செய்துகொள்வார்கள்.

பிறகு டிஸ்டெம்பர் வந்தது, அப்புறம் பட்டி பார்த்து பிளாஸ்டிக் எமல்ஷன் வந்தது. சுவர் வழவழப்பானது, விலையும் ஏறியது. ஐந்து வருஷம், ஏழு வருஷம் தாங்கும் என்று சொல்லி அடிக்கிறார்கள். எங்கள் பாடத்தில் சொல்வது போல, நடப்புச் செலவாக இருந்தது மூலதனச் செலவாக மாறிவிட்டது :) அதனால்தான் ஓனருக்குப் பதற்றம். அந்தப் பதற்றம் நியாயமானதுதான். நான் ஓனர்களைத் திட்டுவதற்காக இதை எழுதவில்லை. நிறைய பேர் ரிட்டயர்டு ஆன தம்பதிகள், மேல் மாடி வாடகையில்தான் மருந்துச் செலவு ஓடுகிறது. சின்ன இடத்தில் பெயிண்ட் உரிந்தாலும் அந்த இடத்துக்கு மட்டும் அடிக்க முடியாது. பழைய பெயிண்ட் வெளுத்திருக்கும், புதிது பளிச்சென்று திட்டாகத் தெரியும். ஒரு மூலையிலிருந்து மறு மூலை வரை முழுச் சுவரும் அடிக்க வேண்டும். பெயிண்டர் கூலி இன்றைக்கு என்னவென்று கேட்டுப் பாருங்கள், தலை சுற்றும்.

ஆனால் கணக்கு என்று ஒன்று இருக்கிறதல்லவா?

என் சீனியர்கள் ஆறு பேர் இருந்த ரூம் கதையைச் சொல்கிறேன். மாச வாடகை 9000. மூணு வருஷம் இருந்தார்கள். காலி செய்யும்போது "பெயிண்டிங் சார்ஜ்" என்று ஒரு மாச வாடகை 9000-ஐக் கழித்துக்கொண்டு மீதியைக் கொடுத்தார்கள். தலைக்கு 1500. இதில் ஒருவனின் அப்பா சோமனூர்ப் பக்கம் விசைத்தறியில் கூலிக்கு ஓட்டுகிறவர். 1500 ரூபாய் அவருக்கு என்ன என்பது பலருக்குப் புரியாது.

இப்போது தேய்மானம் போடுவோம், முதல் வருஷ பி.காம் பையனுக்கே தெரிந்தது. பெயிண்டின் ஆயுள் 5 வருஷம் என்று வைத்துக்கொள்ளுங்கள். இவர்கள் குடிவரும்போது புதுசாக அடித்தது என்றே வைத்துக்கொள்வோம் (அடிக்கவில்லை, அது வேறு விஷயம்). நேர்கோட்டு முறையில் மூணு வருஷம் கழிந்தபின் மிச்சம் ஐந்தில் இரண்டு பங்கு. 9000-க்கு அது 3600. கறை இருந்தது நான்கு சுவரில் ஒரு சுவரில் மட்டும். ஆக 900. ஆறு பேருக்குப் பிரித்தால் தலைக்கு 150 ரூபாய். 1500 எங்கே, 150 எங்கே? ஒரு சைபர் விளையாடுகிற விளையாட்டைப் பாருங்கள்.

இதைவிட வேடிக்கை என்னவென்றால், ஜூன் மாசம் அடுத்த பேட்ச் அதே ரூமுக்குக் குடிவந்தது. சுவர் அப்படியேதான் இருந்தது. பெயிண்ட் அடிக்கவே இல்லை! அவர்கள் காலி செய்யும்போது அதே கறைக்கு இன்னொரு 9000 கழித்தாலும் ஆச்சரியமில்லை. ஒரே செலவை இரண்டு பேரிடம் வசூலிப்பதற்குக் கணக்குப் புத்தகத்தில் ஒரு பெயர் உண்டு, நான் சொல்லவில்லை.

சட்டம் என்ன சொல்கிறது என்றும் தேடிப் பார்த்தேன். வெளிச்சுவரில் போஸ்டர் ஒட்டி அசிங்கப்படுத்தினால் கேட்பதற்கு 1959-லேயே தமிழ்நாட்டில் சட்டம் போட்டுவிட்டார்கள். உள்சுவருக்கு ஓனரம்மா சொல்வதுதான் சட்டம் என்று நாம் நினைத்துக்கொண்டிருக்கிறோம். அப்படி இல்லை. சொத்து உரிமையாளர், வாடகைதாரர் உரிமைகள் பொறுப்புகள் பற்றி 2017-ல் தமிழ்நாட்டில் போட்ட சட்டம் ஒன்று 2019 பிப்ரவரி 22 முதல் நடைமுறையில் இருக்கிறது. வேறு மாதிரி ஒப்பந்தம் செய்யாத பட்சத்தில் அட்வான்ஸ் மூணு மாச வாடகைக்கு மேல் வாங்கக்கூடாது. காலி செய்து ஒரு மாசத்துக்குள் பாக்கிகளைக் கழித்துக்கொண்டு அட்வான்ஸைத் திருப்பித் தரவேண்டும். சாதாரணமாகப் புழங்குவதால் வரும் தேய்மானத்துக்கு வாடகைக்காரன் பொறுப்பல்ல. யார் எந்த வேலையைச் செய்ய வேண்டும் என்று கடைசியில் ஒரு அட்டவணை இருக்கிறது, அதில் சுவருக்கு வெள்ளையடிப்பது உரிமையாளர் பக்கத்தில் இருக்கிறது. வாடகைக்காரன் உண்டாக்கிய சேதம் என்றால் கதை வேறு, அது நியாயம்தானே.

ஆனால் இந்தச் சட்டத்துக்கு எழுத்தில் ஒப்பந்தம் வேண்டும், அதை வாடகை அதிகாரியிடம் பதிய வேண்டும். நம்மில் எத்தனை பேரிடம் ஒப்பந்தம் இருக்கிறது? புரோக்கர் அண்ணன் சொன்னார், ஓனர் தலையாட்டினார், நாம் பெட்டியைத் தூக்கிக்கொண்டு வந்துவிட்டோம். அதனால் சட்டத்தைக் காட்டிச் சண்டை போடுவதைவிட, சேதம் என்று சொல்ல இடமே கொடுக்காமல் கறையை எடுத்துவிடுவது புத்திசாலித்தனம்.

அதற்கு அந்தப் பிசின் எப்படி வேலை செய்கிறது என்று தெரிய வேண்டும். சினிமா போஸ்டரை மைதாப் பசையில் ஒட்டுகிறார்கள். பத்து போஸ்டர் மேலே மேலே ஒட்டியிருந்தாலும் தண்ணீர் அடித்து ஊறவிட்டால் மொத்தமாகக் கழன்றுவிடும். மாவுதானே, தண்ணீரில் இளகும். செலோடேப், பிரவுன் டேப், இரண்டு பக்கமும் ஒட்டுகிற ஃபோம் டேப், இதெல்லாம் வேறு ஜாதி. இவற்றின் பிசின் எப்போதுமே காய்வதில்லை. மிக மெதுவாக ஓடுகிற திரவம் மாதிரி அது. அழுத்தி ஒட்டியதும் சுவரின் நுண்ணிய மேடு பள்ளங்களுக்குள் நாளாக நாளாக இறங்கிக்கொண்டே இருக்கும். ஒட்டிய மறுநாள் எடுத்தால் சுலபமாக வருவதும், மூணு வருஷம் கழித்து எடுத்தால் பெயிண்டோடு வருவதும் இதனால்தான். பழைய டேப் மஞ்சளாகிக் கெட்டிப்படுவது இன்னும் மோசம், காற்றும் வெயிலும் பட்டுப் பிசினே மாறிப்போயிருக்கும்.

இந்தத் திரவ குணத்தில்தான் நமக்கான சாவியும் இருக்கிறது. மெதுவாக இழுத்தால் பிசின் நீண்டு கொடுக்கும். வெடுக்கென்று இழுத்தால் கல் மாதிரி விறைத்து, தன்னோடு பெயிண்டையும் பிய்த்துக்கொண்டு வரும். சூடு பட்டால் இன்னும் இளகும்.

ஒரு விஷயம் படித்தபோது சிரிப்பு வந்தது. பெயிண்டைப் பிய்க்காத டேப் வேண்டும் என்றுதான் மாஸ்கிங் டேப்பையே கண்டுபிடித்திருக்கிறார்கள். 1920-களில் அமெரிக்காவில் காருக்கு இரண்டு கலர் அடிப்பது ஃபேஷன். ஒரு கலரை மறைத்துக் காகிதம் ஒட்டிவிட்டு அடுத்த கலரை அடிப்பார்கள், காகிதத்தை எடுக்கும்போது பெயிண்டும் சேர்ந்து உரியும். பட்டறையில் ஆட்கள் திட்டுவதைக் கேட்ட 3எம் கம்பெனி ஊழியர் ரிச்சர்ட் ட்ரூ, 1925-ல் மாஸ்கிங் டேப்பைக் கொண்டுவந்தார். 1930-ல் செலோடேப் மாதிரியான கண்ணாடி டேப்பும் அவர் கைங்கர்யமே. (மனுஷன் இன்ஜினியரிங்கைப் பாதியில் விட்டவர். அரியர் வைத்திருக்கும் நண்பர்கள் இதை வீட்டில் சொல்ல வேண்டாம்.) நூறு வருஷமாக அந்த டேப் ஸ்டேஷனரிக் கடைகளில் கிடைக்கிறது, நாம் போய் பார்சல் கட்டுகிற பிரவுன் டேப்பை வாங்கிச் சுவரில் ஒட்டுகிறோம்.

சரி, எடுப்பது எப்படி?

முதலில் சுவர் எந்த வகை என்று பார்க்க வேண்டும், இதுதான் முக்கியம். இணையத்தில் இருக்கிற குறிப்புகளில் பாதி இதைச் சொல்வதே இல்லை. பீரோ பின்னால் மறைவான இடத்தில் ஈர விரலால் தேய்த்துப் பாருங்கள். விரலில் வெள்ளையாகவோ கலராகவோ ஒட்டினால் அது சுண்ணாம்பு அல்லது டிஸ்டெம்பர். ஒன்றும் ஒட்டவில்லை, லேசாக வழவழப்பு, என்றால் எமல்ஷன். கண்ணாடி மாதிரி பளபளத்தால் எனாமல், அது பெரும்பாலும் கதவு ஜன்னலில்தான் இருக்கும்.

எமல்ஷன் சுவர் என்றால் கவலையே வேண்டாம். டேப் இன்னும் ஒட்டியிருந்தால் ஹேர் டிரையர் வைத்துக் கொஞ்ச நேரம் சூடு காட்டுங்கள். கையில் தொட்டால் இதமாக இருக்கிற சூடு போதும், பெயிண்ட் கொப்பளிக்கிற அளவுக்கு வேண்டாம். (ஹேர் டிரையர் இல்லாத ரூமா? பக்கத்து லேடீஸ் ஹாஸ்டலில் கேட்கப் போய் உதை வாங்கினால் நான் பொறுப்பல்ல.) பிறகு டேப்பின் ஒரு முனையை நகத்தால் தூக்கி, நேராக நம்மை நோக்கி இழுக்காமல், டேப்பை அதன் முதுகு மேலேயே மடித்துச் சுவரோடு சுவராகப் படுக்கவைத்து மெதுவாக இழுக்க வேண்டும். நம்மை நோக்கி இழுத்தால் அந்த விசை முழுக்கப் பெயிண்டைத்தான் தூக்கும்.

ஃபோம் டேப் என்றால் இழுக்கவே கூடாது. தையல் நூலை இரண்டாக முறுக்கி, ஃபோமுக்கும் சுவருக்கும் நடுவில் விட்டு ரம்பம் மாதிரி முன்னும் பின்னும் அறுங்கள். பஞ்சு இரண்டாக அறுந்து பொருள் கையோடு வந்துவிடும். சுவரில் நிற்கிற மிச்சப் பஞ்சைச் சூடு காட்டி விரலால் உருட்டி உருட்டி எடுக்கலாம்.

இனி பிசுபிசுப்பு. புது செலோடேப் துண்டை விரலில் சுற்றி அதன் மேல் ஒற்றி ஒற்றி எடுங்கள், பிசின் பிசினோடு ஒட்டிக்கொண்டு வரும். இதிலேயே பாதி போய்விடும். அப்புறம் வெதுவெதுப்பான தண்ணீரில் பாத்திரம் கழுவுகிற லிக்விட் இரண்டு சொட்டு. துணிக்குத் திருப்பூர் பனியன் வேஸ்ட்டை விடச் சிறந்தது உலகத்தில் இல்லை, மெக்கானிக் கடைகளில் கிடைக்கும். நனைத்து, நன்றாகப் பிழிந்து, வட்டமாக, அழுத்தாமல் துடையுங்கள். அழுத்தித் தேய்த்தால் கறை போய் அந்த இடம் மட்டும் பாலிஷ் போட்ட மாதிரி மினுங்கும், அதுவும் ஓனர் கண்ணில் படும்.

அதற்கும் மசியாத பழைய பிசினுக்கு நம்மூர்ப் பக்கத்திலேயே மருந்து இருக்கிறது: நீலகிரித் தைலம். மூக்கடைப்புக்கு வைத்திருக்கும் அதே யூகலிப்டஸ் தைலம்தான். 1843-ல் வெள்ளைக்காரன் விறகுக்காக நீலகிரியில் கொண்டுவந்து நட்ட மரம். அது மலைக்கு நல்லதா கெட்டதா என்பது தனிச் சண்டை, பிசினுக்கு எமன் என்பதில் சந்தேகமில்லை. ரப்பர் பிசினை இளக்கிவிடும். தைலத்தைச் சுவரில் ஊற்றாமல் துணியில் இரண்டு சொட்டு விட்டுக் கறை மேல் மட்டும் ஒரு நிமிஷம் வைத்து வழித்து எடுங்கள். உடனே சோப்புத் தண்ணீர்த் துணியால் துடைத்துவிட வேண்டும், இல்லாவிட்டால் எண்ணெய்த் திட்டு நின்றுவிடும். ரொம்ப நேரம் ஊறவிட்டால் பெயிண்டே இளகும். மறைவான இடத்தில் ஒருமுறை சோதித்துவிட்டுச் செய்யுங்கள். ஜன்னலைத் திறந்து வையுங்கள், பக்கத்தில் தீ வேண்டாம், பற்றிக்கொள்ளும். தைலம் இல்லாவிட்டால் தேங்காய் எண்ணெயும் வேலை செய்யும், ஆனால் பத்து நிமிஷம் பொறுமை வேண்டும், சோப்பும் கூடுதலாக வேண்டும்.

டிஸ்டெம்பர் சுவரில் இதில் எதையும் செய்யாதீர்கள். டிஸ்டெம்பர் பெரும்பாலும் சுண்ணாம்புக்கல் பொடிதான், தண்ணீர் பட்டால் கரையும், எண்ணெய் பட்டால் குடித்துவிட்டு ஆயுசுக்கும் கறையாக வைத்துக்கொள்ளும். லேசான சூடு, ஒற்றி எடுக்க செலோடேப், பென்சில் அழிக்கிற ரப்பர், அவ்வளவுதான். போகிற வரைக்கும் போகட்டும், மிச்சத்தை விட்டுவிடுங்கள். சுண்ணாம்புச் சுவர் என்றால் இன்னும் சுலபம். பிசினோடு ஒரு செதில் வந்துவிடும், அந்த இடத்தில் கொஞ்சம் சுண்ணாம்பு தொட்டு வைத்தால் ஆயிற்று.

செய்யவே கூடாதவை சில உண்டு. நெயில் பாலிஷ் ரிமூவரும் தின்னரும் பிசினை எடுக்கும், கூடவே எமல்ஷனையும் கரைத்து எடுத்துவிடும். கொரோனா காலத்தில் வாங்கி மிச்சம் கிடக்கிற சானிடைசரும் அப்படித்தான், ஆல்கஹால் எமல்ஷனை இளக்கும். பெட்ரோல், மண்ணெண்ணெய் பக்கமே போகாதீர்கள், சுவரைவிட ஆள் முக்கியம். உரிந்த இடத்தில் பற்பசையையும் ஒயிட்னரையும் பூசி மறைக்கிற கலைஞர்கள் நம்மில் நிறைய. டியூப்லைட் வெளிச்சத்தில் தெரியாது. ஓனர் வருவது காலையில், ஜன்னல் வெளிச்சத்தில்.

இத்தனையும் செய்ய ஒரு சுவருக்கு ஒரு மத்தியானம் ஆகும். அந்த ஒரு மத்தியானம்தான் நம்மிடம் இருப்பதில்லை. கடைசி பரிட்சை முடிகிற அன்றைக்கே ராத்திரி பஸ், காலையில் சாவி. ஓனர்களிடம் நான் கேட்பது பெரிதாக ஒன்றுமில்லை. காலி செய்வதற்கு ஒரு வாரம் முன்னாடி ஒருமுறை வந்து சுவரைப் பார்த்து, "இது இது போகணும்" என்று சொல்லிவிட்டுப் போங்கள். குடிவருகிற அன்றைக்கு இரண்டு பேரும் சேர்ந்து நான்கு சுவரையும் போனில் போட்டோ எடுத்துப் பகிர்ந்துகொள்வோம். அப்போது யார் கறை எது என்ற பேச்சே வராது. அப்படியும் கழிக்க வேண்டிவந்தால் உரிந்த சுவருக்கு மட்டும், பெயிண்டின் வயசைக் கழித்துவிட்டு, அடித்த பிறகு பில்லோடு.

இன்னொன்றும் உண்டு. "செவுத்துல ஆணி அடிக்கக் கூடாது" என்பது எல்லா ஓனர்களும் போடுகிற முதல் கண்டிஷன். ஆணி கூடாது என்பதால்தான் நாங்கள் டேப்புக்குப் போகிறோம்! ஆணி ஓட்டையை ஒரு சிட்டிகைப் பட்டியில் அடைத்துவிடலாம், அரை அடி ஃபோம் டேப் கறையை அப்படி அடைக்க முடியாது. ரூமுக்கு ஒரு ரீப்பர் கட்டையை ஓனரே சுவரில் அடித்து, நாலு கொக்கி மாட்டிக் கொடுத்துவிட்டால் என்ன? சட்டை, காலண்டர், கண்ணாடி, சாமி படம் எல்லாம் அதில் தொங்கும். பழைய வீடுகளில் மாடமும் கொடியும் வைத்தவர்களுக்கு இது தெரிந்திருந்தது.

இந்த மே மாசம் காலி செய்கிறவர்கள் இப்போதே ஒரு போஸ்டரை மட்டும் எடுத்துச் சோதித்துப் பாருங்கள், கதவுக்குப் பின்னால் இருப்பதாகப் பார்த்து. சீலிங்கில் ராத்திரியில் மின்னுகிற நட்சத்திரம் ஒட்டி வைத்திருப்பவர்கள், ஸ்டூல் மேல் ஏறி அண்ணாந்து தைலம் போட வேண்டாம், கண்ணில் சொட்டும். அதற்கு ஹேர் டிரையரும் நூலும் மட்டும்தான். கீழே ஸ்டூலைப் பிடிக்க ஒரு ஆள் வேண்டும்.